தெளிப்பது வீணன்று

“ஓவியம் கற்றுக்கொடுங்கள் என்று பிள்ளைகளை அனுப்பினால், சாயத்தை வாரியிறைக்கவா கற்றுக்கொடுக்கிறீர்கள்?” பழவேற்காட்டு ஏரிக்கரைச் சிற்றூர்களில், கோடை விடுமுறை மறைக்கல்வி வகுப்புகள் நடைபெறும் நாள்களில் நம் காதில் விழும் கேள்வி இது. கேட்பவர்கள் தீயவர்கள் அல்லர். பிள்ளைகளின் நலத்தில் அக்கறையுள்ள பெற்றோர். பங்கின் பணத்தில் ஒரு காசும் வீணாகக் கூடாதென்று விழித்திருந்து காக்கும் பங்குப் பேரவையினர். பல்லாண்டுகள் ஊதியமின்றி உழைத்த மறைக்கல்வி ஆசிரியர்கள். ஆயினும் அக்கேள்விக்கு அடியில் மூன்று எண்ணங்கள் பதுங்கிக் கிடக்கின்றன. வண்ணத்தைத் தெளிப்பது கலையன்று, அது வீண், அது அழுக்கு. இம்மூன்றும் தவறானவை என்பது நம் துணிபு. ஒவ்வொன்றாய் எடுத்து மறுப்போம். மறுத்து முடித்த பின், தெளிப்போவியத்தைக் கைதட்டி வரவேற்கும் நகரத்து நண்பர்கள் சிலரோடும் நமக்கு ஒரு வழக்கு உண்டு. அதனையும் மறைக்காது சொல்வோம்.

எதைப் பற்றிப் பேசுகிறோம்?

தெளிப்போவியத்தில் தாள் மேசைமேல் இருப்பதில்லை, தரையில் விரிக்கப்படுகிறது. தாளுக்குப் பதிலாகப் பழைய வேட்டியோ, பிரித்துத் தைத்த மாவுச் சாக்கோ இருந்தாலும் போதும். வண்ணத்தைக் கஞ்சித் தண்ணீர் பதத்திற்குக் கரைத்துக்கொள்கிறார்கள். தூரிகையோ, தேங்காய் நாரோ, நுனி நசுக்கிய வேப்பங்குச்சியோ, தேய்ந்துபோன பல்துலக்கியோ அதில் தோய்கிறது. ஆனால், அது துணியைத் தொடுவதில்லை. துணிக்கு மேலே காற்றில் கை சுழல்கிறது. வண்ணம் துளியாய், இழையாய், சிதறலாய் வந்து விழுகிறது. வரைபவர் ஓரிடத்தில் அமர்ந்திருக்க முடியாது. துணியைச் சுற்றி நடக்கவேண்டும், குனியவேண்டும், நிமிரவேண்டும், தோளிலிருந்து கையை வீசவேண்டும். மற்ற ஓவியங்களில் மணிக்கட்டு செய்யும் வேலையை இங்கே முழு உடலும் செய்கிறது.

இப்போது, ஏரியில் வீச்சுவலை எறியும் ஒரு மீனவரை நினைத்துப் பாருங்கள். முழங்கால் அளவு நீரில் நிற்கிறார். வலையின் ஒரு பகுதி தோளில் கிடக்கிறது; ஒரு பகுதி கையில் மடிந்திருக்கிறது; விளிம்பைச் சிலர் பல்லில் கவ்விக்கொள்வதும் உண்டு. இடுப்பு திரும்புகிறது, தோள் சுழல்கிறது, கை விரிகிறது. வலை காற்றில் வட்டமாய் மலர்ந்து, ஈயக் குண்டுகள் ஒரே நொடியில் நீரைத் தொடுகின்றன. எப்போது இறுக்கிப் பிடிப்பது, எப்போது விட்டுவிடுவது என்ற அறிவு அவருடைய எலும்பில் இருக்கிறது. அதனை எந்தப் பள்ளியும் அவருக்குக் கற்பிக்கவில்லை; தந்தையின் பின்னால் நின்று பார்த்துப் பார்த்து உடல் கற்றுக்கொண்டது.

அவருடைய மகனையும் மகளையும் நாம் என்ன செய்கிறோம்? திருவிழா ஓவியப் போட்டி என்று அழைத்து, நான்கு விரற்கடை அசைவுக்குள் அவர்களை அடைத்துவிடுகிறோம். பென்சில், அழிப்பான், அடிக்கோல். பரிசு பெறும் படம் எது? இரண்டு மலைகள், நடுவில் எழும் சூரியன், ஒரு குடிசை, ஒரு தென்னை, ஓர் ஓடை. பழவேற்காட்டில் மலை ஏது? நம் பிள்ளைகள் பிறந்த நாள் முதல் கடலிலிருந்து எழும் சூரியனைக் கண்டவர்கள். ஆனால், ஓவியத்தாளில் மட்டும் அவர்களுடைய சூரியன் எவரோ ஒருவருடைய இரு மலைகளுக்கிடையே ஒழுங்காக உதிக்கிறான். அவனைப் பிசகின்றிப் பார்த்தெழுதியவனுக்கு முதற்பரிசு. மற்றவனுக்கு, “உனக்கு வரையவே வராது” என்ற தீர்ப்பு. அத்தீர்ப்பை எழுதுவது நாம்தாம். வாழ்நாளெல்லாம் சுமப்பது அவன். தெளிப்போவியத்தைப் பற்றிய வழக்கு வெறும் பொழுதுபோக்கைப் பற்றிய வழக்கன்று என்று நாம் சொல்வது இதனாலேயே.

கலையன்று என்பார்க்கு

“குரங்கின் கையில் தூரிகையைக் கொடுத்தாலும் இதைச் செய்யுமே!” என்பது பழைய ஏளனம். இவ்வகை ஓவியத்தை உலகறியச் செய்த அமெரிக்க ஓவியர் ஜாக்சன் பொல்லாக்கும் (1912–1956) இவ்வேளனத்தைக் கேட்டவரே. 1947 முதல் அவர் திரைச்சீலையைத் தரையில் விரித்து, அதனைச் சுற்றி நடந்து, குச்சியாலும் காய்ந்து விறைத்த தூரிகையாலும் வண்ணத்தை ஒழுகவிட்டார், வீசினார். தம் ஓவியங்கள் தற்செயலாய் விழுந்தவை என்ற கூற்றை அவர் கடைசிவரை ஏற்கவில்லை.

அவர் சொன்னது மெய் என்பதற்கு அறிவியலும் சான்று கூறுகிறது. இயேசு சபையினர் நிறுவிய பாஸ்டன் கல்லூரியின் இயற்பியலாளர் ஹெர்சின்ஸ்கி, கலை வரலாற்றாளர் செர்னுஷி ஆகிய இருவரும், சென்னை ஐ.ஐ.டி.யில் பயின்று ஹார்வர்டில் பணியாற்றும் எல். மகாதேவனும் 2011இல் இதனை ஆராய்ந்து எழுதினர். வண்ணம் எவ்வளவு கெட்டியாய் உள்ளது, எவ்வளவு உயரத்திலிருந்து விழுகிறது, கை எவ்வளவு விரைவாய் நகர்கிறது என்பவையே கோட்டின் வடிவத்தை முடிவு செய்கின்றன. தேனைக் கரண்டியிலிருந்து ஒழுகவிட்டால், கை நின்றிருக்கும் இடத்தில் அது சுருள் சுருளாய் விழுவதையும், கையை விரைவாய் நகர்த்தினால் நேர்கோடாய் நீள்வதையும் நம் வீட்டுப் பிள்ளைகளும் கண்டிருப்பார்கள். இவ்விதிகள் தன் கையில் படிந்திருக்கும் ஓவியன், விழும் வண்ணத்தையும் ஆள்கிறான். வலை வீசுபவர் காற்றையும் நீரோட்டத்தையும் ஆள்வதைப் போன்றதே இது.

இதெல்லாம் அமெரிக்கர் கண்டுபிடித்த புதுமை என்றும் எண்ணவேண்டா. வண்ண மணலை விரலிடையே ஒழுகவிட்டுத் தரையில் ஓவியம் அமைக்கும் அமெரிக்கப் பழங்குடியினரின் முறையோடு தம் முறைக்கு உறவுண்டு எனப் பொல்லாக்கே எழுதியிருக்கிறார். அந்தச் செய்தியைப் படிக்கும் தமிழருக்கு உடனே நினைவுக்கு வரவேண்டியது எது? நம் வாசல் அன்றோ! விடியலில் எழுந்து, நீர் தெளித்து, குனிந்து நடந்து, கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் இடையே மாவை ஒழுகவிட்டுக் கோலமிடும் நம் தாய்மார் தரையைத் தொடாமலே தரையில் வரைகின்றனர். அதற்கும் முழு உடலும் வளைகிறது. அங்கும் கை எவ்வளவு உயரம், எவ்வளவு விரைவு என்பதே இழையின் தடிப்பை முடிவு செய்கிறது. கோலத்தைக் கலை என்று போற்றிவிட்டு, அதே ஒழுகலும் வீச்சும் வண்ணமாய் வந்தால் குரங்குச் சேட்டை என்பது முறையாகுமா?

கத்தோலிக்கராகிய நமக்கு இன்னொரு சான்றும் உண்டு. புளோரன்சு நகரில் புனித மாற்கு துறவுமடம் இருக்கிறது. இன்று அது அருங்காட்சியகம். அதன் சுவர்களில் பதினைந்தாம் நூற்றாண்டில் ஓவியம் தீட்டியவர் தோமினிக்கன் சபைத் துறவியாகிய பிரா ஆஞ்செலிக்கோ. துறவியர் அறைகளுக்கு முன்னுள்ள நடைவழியில், குழந்தை இயேசுவை ஏந்திய அன்னையும் புனிதர்களும் நிற்கும் சுவரோவியம் ஒன்று உண்டு. அதன் கீழே நான்கு பெரிய சதுரங்கள். அவற்றில் உருவம் எதுவுமில்லை. பளிங்குக் கல்லைப் போன்ற பரப்பும், அதன்மீது எறியப்பட்ட வண்ணத் துளிகளுமே உள்ளன. நெடுங்காலம் வல்லுநர்கள் இச்சதுரங்களைப் பொருட்படுத்தாமலே கடந்துபோயினர். அவை வெறும் அலங்காரம் அல்ல என்றும், துறவி தொலைவிலிருந்து வண்ணத்தை மழைபோல் தெளித்த இடம் அது என்றும், உருவத்துள் அடக்க முடியாத இறைமறைபொருளை நோக்கி நிற்கும் ஓவியம் அது என்றும் பிரெஞ்சு அறிஞர் ஜார்ஜ் திதி-உய்பெர்மன் 1990இல் வெளிவந்த தம் நூலில் எடுத்துரைத்தார். அத்துறவியைத் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் 1982இல் அருளாளராக உறுதிசெய்து, 1984இல் கலைஞர்களின் பாதுகாவலராக அறிவித்தார். ஆக, நம் கலைஞர்களின் பாதுகாவலரே வண்ணம் தெளித்தவர்! அவர் கையிலிருந்து விழுந்தபோது தியானம். ஏரிக்கரைச் சிறுவன் கையிலிருந்து விழுந்தால் வாரியிறைப்பா?

வீண் என்பார்க்கு

பெத்தானியாவில் ஒரு பெண் விலையுயர்ந்த நறுமணத் தைலத்தை ஆண்டவரின் காலடியில் கொட்டினாள். வீடெல்லாம் மணந்தது. அப்போது முந்நூறு தெனாரியக் கணக்குப் போட்டவன் எவன் என்பதை யோவான் நற்செய்தி நமக்கு மறைக்கவில்லை. அவன் ஏழைகளின் பெயரைச் சொல்லியே கணக்குப் போட்டான் என்பதையும் மறைக்கவில்லை. பங்குக் கணக்கைக் காப்பவர்களை அவனோடு ஒப்பிடுவது நம் கருத்தன்று. ‘வீண்’ என்ற சொல் எப்போதும் நேர்மையான சொல்லன்று என்பதை மட்டும் நினைவூட்டுகிறோம். திருவிழாவின்போது வாணவேடிக்கையில் சில மணித்துளிகளில் எரிந்து சாம்பலாவது வீணில்லை; ஒலிபெருக்கியின் வாடகை வீணில்லை; பிள்ளைகள் ஒரு பிற்பகல் முழுதும் உழைத்த பழைய வேட்டியும் நான்கு பிடி செங்காவியும் வீண்! இந்தக் கணக்கு எந்தத் தராசில் நிறுத்தது?

விதைப்பவர் உவமையையும் எண்ணிப் பார்ப்போம். விதை வழியோரத்திலும் விழுகிறது, பாறையிலும் விழுகிறது, முட்செடியிலும் விழுகிறது. சிக்கனக்காரர் எவரும் அப்படி விதைக்க மாட்டார். ஆனால், ஆண்டவர் விண்ணரசுக்கு ஒப்பாகக் காட்டியது கணக்காய்க் குழிதோண்டி விதை நட்டவரை அன்று. கை வீசித் தெளித்தவரை. நம் மொழியிலும் விதையைத் தூவுவதற்குத் தெளித்தல் என்றே பெயர். அதே சொல்தான் நீரைத் தூவுவதற்கும். கலங்கியது அடங்கித் தூய்மையாவதும், மனம் ஐயம் நீங்கி அறிவதும் தெளிதல் எனப்படும். ஒரே வேர்! தெளிப்பதற்கும் தெளிவதற்கும் இடையே நம் முன்னோர் கேட்ட ஒலி, வீண் என்று கணக்கெழுதும் காதுக்குக் கேட்பதில்லை.

பழவேற்காட்டார் வண்ணத்தை வீண் என்று சொல்வதில் இன்னொரு வேதனையும் இருக்கிறது. இவ்வூர் உலகத்துக்கு அறிமுகமானதே வண்ணத்தால். டச்சுக்காரர் 1613இல் இங்கே கெல்டிரியாக் கோட்டையைக் கட்டியது ஏரியின் அழகைக் காண அன்று. சோழமண்டலக் கரையின் சாயத்துணிகளுக்காக. சாயவேரின் சிவப்பும் அவுரியின் நீலமும் ஏறிய துணிகள் இத்துறையிலிருந்து கிழக்குத் தீவுகளுக்கும் ஐரோப்பாவுக்கும் கப்பலேறின. இவ்வூரின் பெயரே ஆங்கிலத்தில் வண்ணக் கைக்குட்டை ஒன்றைக் குறிக்கும் பொதுச்சொல்லாகி அகராதியில் ஏறியது. அவ்வணிகத்தின் இலாபம் எவரிடம் போய்ச் சேர்ந்தது, அதே துறையில் மனிதர்களும் அடிமைகளாய்க் கப்பலேற்றப்பட்டது எவ்வளவு கொடுமை என்பவை வேறு கதைகள். மறக்கக் கூடாத கதைகள். ஆனால், கைகள் இக்கரையின் கைகள். வண்ணமும் இக்கரையின் வண்ணம். அதை விற்கத் தெரிந்தவர்களுக்கு அது செல்வமாயிற்று. இக்கரைப் பிள்ளைகள் மகிழ்ச்சிக்காகத் தொட்டால் மட்டும் வீணாகிவிடுமா?

அழுக்கு என்பார்க்கு

மூன்றாவது எண்ணமே மிக ஆழமானது. மிகக் கொடியதும் அதுவே. “உடம்பெல்லாம் சாயமாக்கிக்கொண்டு வருகிறான்” என்பது துணி வெளுக்கும் தாயின் முறையீடு மட்டுமாயின், ஒரு பழைய சட்டையைக் கொடுத்து நாம் அதனைத் தீர்த்துவிடலாம். ஆனால், அதற்கும் அடியில் வேறொன்று இருக்கிறது. ஏரிக்கரையிலிருந்து நகரத்துப் பள்ளிக்குச் செல்லும் பிள்ளைகள் மீன்வாடை அடிக்கிறது என்ற சொல்லைக் கேட்டு வளர்கிறார்கள். தந்தையின் கை வீச்சும் தாயின் கூடைச் சுமையும் வெட்கப்படவேண்டியவை என்று கற்றுக்கொள்கிறார்கள். உடலால் செய்வது தாழ்வு. உட்கார்ந்து எழுதுவதே உயர்வு என்ற பாடம் அது. சாதியின் மிகப் பழைய பாடமும் அதுவே. துப்புரவான தாள், மடிப்புக் கலையாத சட்டை, அசையாத உடல் ஆகியவற்றுக்கு மட்டுமே நாம் பரிசு கொடுக்கும்போது, அந்தப் பாடத்தைக் கோவில் வளாகத்திலும் நடத்துகிறோம்.

நம் விசுவாசம் அப்படிப்பட்டதா? வாக்கு மனிதர் ஆனார் என்று அறிக்கையிடும் நாம், அவர் கைகளுக்கு அழுக்குப் படவில்லை என்றா நினைக்கிறோம்? பிறவியிலேயே பார்வையற்றிருந்தவரைக் குணமாக்க அவர் தரையில் உமிழ்ந்து சேறு குழைத்தார். அச்சேற்றைக் கண்களில் பூசினார். அவர் எழுதியதாக நற்செய்திகள் நமக்குக் காட்டும் ஒரே இடம் தரை. கருவி அவருடைய விரல். ஜப்பானிய ஓவியர் கசுவோ ஷிராகா 1955இல் தோக்கியோவில் சேற்றில் இறங்கிப் புரண்டு, தம் உடலின் தடங்களையே படைப்பாகக் காட்டினார். கயிற்றைப் பிடித்துத் தொங்கியபடி பாதங்களால் வண்ணம் தீட்டியவரும் அவரே. அவர் 1971இல் பௌத்த மடமொன்றில் துறவுத் தீட்சை பெற்றார். சேற்றுக்கும் தவத்துக்கும் பகை உண்டு என்று அவர் எண்ணவில்லை. சேற்றால் கண் திறந்த ஆண்டவரைப் பின்பற்றும் நாம் எண்ணலாமா?

மேலும், தெளித்தல் நம் வழிபாட்டுக்கே உரிய செயல். மோசே சீனாய் மலையடியில் உடன்படிக்கையின் இரத்தத்தை மக்கள்மீது தெளித்தார். ஈசோப்புக் கிளையால் தெளிக்கும் தூய்மைச் சடங்கை லேவியர் நூல் விதிக்கிறது. மனம் வருந்திய பாவியின் திருப்பாடலும் அந்த ஈசோப்பையே கேட்கிறது. பாஸ்கா இரவில் புதிய தீர்த்தத்தை நாம் மக்கள்மேல் தெளிக்கிறோம். புதிய படகு ஏரியில் இறங்கும் நாளில் அதன் தலைப்பிலும் வலைமீதும் குழுமி நிற்போர்மீதும் தெளிக்கிறோம். சில துளி நெற்றியில் விழும். சில துளி மூக்குக் கண்ணாடியில் விழும். சில மணலில் விழும். ‘சாமி, இந்தத் துளி தவறிய இடத்தில் விழுந்துவிட்டது’ என்று எவரும் இதுவரை நம்மிடம் முறையிட்டதில்லை. அழித்துவிட்டு மீண்டும் நேராகத் தெளிக்கும்படி கேட்டதும் இல்லை. தெளிப்பு என்பது கணக்கில்லாத கொடை என்பதை அங்கே அனைவரும் அறிவார்கள். பிள்ளைகளின் வண்ணத் தெளிப்பைத் திருவழிபாட்டோடு சமன்படுத்துகிறோம் என்று எவரும் நினைக்கவேண்டா, அது அருளடையாளமன்று. ஆனால், உடலின் வீச்சில் அருளைக் காணப் பழகிய கண்கள், அதே வீச்சில் வெறும் அழுக்கை மட்டும் காண்பது முரண்பாடு என்கிறோம்.

பெண் பிள்ளைகளைப் பற்றித் தனியே ஒரு சொல். “பெண் பிள்ளை நான்கு பேர் முன்னிலையில் கையை வீசிக் குதிக்கலாமா?” என்று கேட்கும் பாட்டிமார் உண்டு. அந்தப் பெண்ணின் தாய் விடியற்காலையில் மீன் ஏலம் நடக்குமிடத்தில் குரலை உயர்த்திக் கையை வீசித்தான் குடும்பத்தைக் காப்பாற்றுகிறார். உழைப்புக்காக வீசினால் சரி. மகிழ்ச்சிக்காக வீசினால் தவறு என்பது எந்த நற்செய்தி? பன்னிரண்டு வயதில் உடலைச் சுருக்கிக்கொள்ளக் கற்பிக்கப்படும் சிறுமிக்குத் தன் கை எட்டும் தொலைவு இவ்வளவு என்று அறிந்துகொள்ள ஒரு பிற்பகல் கிடைப்பது சிறிய காரியமன்று.

கொட்டுதல் வேறு, தெளித்தல் வேறு

இனி, மறுபக்கத்து நண்பர்களோடு உள்ள வழக்கு. நகரங்களில் இப்போது வண்ணம் எறிவதற்கென்றே கட்டணம் வாங்கும் கூடங்கள் தோன்றியுள்ளன. “மனத்தில் உள்ள கோபத்தையெல்லாம் கொட்டிவிடுங்கள்; விதி எதுவும் இல்லை; விருப்பம்போல் எறியுங்கள்” என்பது அவற்றின் அழைப்பு. இதே சொற்களோடு நம் கடற்கரைக்கும் சில நல்லெண்ணக்காரர் வருகின்றனர். 2004 டிசம்பர் 26இன் ஆழிப்பேரலையில் திருவள்ளூர் மாவட்டக் கடலோரமும் அடிபட்டது. அதன்பின் கடலோரக் குழந்தைகளின் கையில் தாளும் வண்ணமும் கொடுத்துத் துயரை வெளிக்கொணரச் செய்த முயற்சிகள் பல. அவற்றை நாம் குறைகூறவில்லை. கொட்டிவிட்டால் தீர்ந்துவிடும் என்ற நம்பிக்கையைத்தான் மறுக்கிறோம்.

அமெரிக்க உளவியலறிஞர் பிராட் புஷ்மன் 2002இல் வெளியிட்ட ஆய்வு ஈண்டு நினைக்கத்தக்கது. தம்மைச் சினமூட்டியவரை நினைத்துக்கொண்டே குத்துப்பையைக் குத்தியவர்களுக்குச் சினம் தணியவில்லை, கூடியது. ஒன்றும் செய்யாது அமைதியாய் இருந்தவர்களே குறைந்த சினத்தோடு இருந்தனர். கோபத்தைக் கொட்டக் கற்றவன் கொட்டுவதில்தான் தேர்ச்சி பெறுகிறான். குடித்துவிட்டு வந்து வீட்டில் அனைத்தையும் கொட்டும் தந்தையரை நம் ஊர்கள் போதுமான அளவு கண்டுவிட்டன. அவர்களுடைய பிள்ளைகளுக்கு இன்னொரு கொட்டல் பயிற்சி வேண்டியதில்லை. பொல்லாக்கின் வாழ்வும் இதையே உரைக்கிறது. அவர் மதுவுக்கு அடிமைப்பட்டிருந்தவர். 1956இல் குடித்துவிட்டு ஊர்தி ஓட்டித் தம்மையும் உடன் வந்த இளம்பெண் ஒருவரையும் சாவுக்கு ஆளாக்கினார். ஆனால், அவருடைய தலைசிறந்த தெளிப்போவியங்கள் பல, அவர் மதுவை விட்டிருந்த 1948 முதல் 1950 வரையிலான காலத்தில் பிறந்தவை. வெறியில் பிறந்த கலையன்று அது, விழிப்பில் பிறந்தது.

எனவே, தெளிப்போவியத்துக்கு விதி உண்டு என்கிறோம். வீசுமுன் நிற்கவேண்டும். விழுந்ததைப் பார்க்கவேண்டும். அடுத்த வண்ணம் எது, எவ்வளவு, எங்கே என்று தீர்மானிக்கவேண்டும். பக்கத்தில் வீசுபவருக்கு இடம் விடவேண்டும். எப்போது நிறுத்துவது என்று அறியவேண்டும். அதுவே எல்லாவற்றிலும் கடினமானது. விழுந்த துளியைத் திரும்ப எடுக்க முடியாது, அழிப்பான் இல்லை. ஆகவே, தவறு என்று தோன்றியதையும் ஏற்று, அதனோடு சேர்ந்து மேலே செல்லப் பழகவேண்டும். மன்னிப்பைப் பற்றி நாம் ஆற்றிய மறையுரைகள் பலவற்றைவிட இது தெளிவான பாடம்.

ஏரிக்கரைச் சிற்றூர் ஒன்றில் ஒரு சிறுவன் வரைந்ததை நாம் கண்டோம். பள்ளியில் ஓவிய மதிப்பெண் எப்போதும் குறைவாக வாங்குபவன். பழைய வேட்டி முழுதும் சொட்டு நீலமும் செங்காவியும் அடர்ந்து விழுந்திருந்தன. கீழ்ப்பக்கம் ஒரு கை அகலத்துக்கு மட்டும் ஒரு துளியும் இல்லை. “இங்கே மட்டும் ஏன் விட்டுவிட்டாய்?” என்று வகுப்பு ஆசிரியை கேட்டார். “அது முகத்துவாரம், டீச்சர். அது அடைபட்டா ஏரிக்கு உசுரு இல்ல” என்றான். கடலும் ஏரியும் கலக்கும் முகத்துவாரம் மணல்மேடிட்டு அடைபடுவதும், அதனால் மீன்வரத்துக் குன்றுவதும் இங்கே ஒவ்வொரு வீட்டின் கவலை. அவன் கோபத்தைக் கொட்டவில்லை; மலைகளுக்கிடையே சூரியனையும் எழுப்பவில்லை. தன் ஊரின் மிகப் பெரிய அச்சத்தை வெற்றிடமாய்க் காத்துவைத்தான். சுற்றிலும் ஓங்கி வீசியவனுக்குத்தான் அந்த ஒரு சாண் இடத்தில் கையை அடக்கவும் தெரிந்தது. குரங்கு இதைச் செய்யாது.

நாம் கேட்பது என்ன?

பெரிதாய் ஒன்றுமில்லை. முதலாவது, திருவிழா ஓவியப் போட்டியில் பார்த்தெழுதும் படங்களுக்குப் பரிசளிப்பதை நிறுத்துவோம். போட்டியே வேண்டா என்றாலும் நமக்கு உடன்பாடே. பத்துப் பிள்ளைகள் சேர்ந்து ஒரே துணியில் தெளித்தால், பரிசை எவருக்கென்று கொடுப்பது?

இரண்டாவது, நகரத்திலிருந்து விலையுயர்ந்த வண்ணப் புட்டிகளை வாங்கவேண்டியதில்லை. செங்காவி, மஞ்சள், கரித்தூள், சொட்டு நீலம், சீமைச்சுண்ணத் தூள், கஞ்சி ஆகியவை போதும். சுவருக்கு அடிக்கும் சுண்ணாம்பைப் பயன்படுத்தக் கூடாது. தெறித்தால் கண்ணைக் கெடுக்கும். படகுக்குப் பூசும் எண்ணெய்ச் சாயமும் கூடாது. கழுவிய நீரை ஏரியில் விடாமல் மணலில் குழி தோண்டி ஊற்றவேண்டும். ஏற்கெனவே பல கழிவுகளைத் தாங்கி நிற்கும் ஏரிக்கு நம் பிள்ளைகளின் மகிழ்ச்சியும் ஒரு சுமையாகலாகாது.

மூன்றாவது, வீச்சுவலை எறியத் தெரிந்த மீனவர் ஒருவரை வகுப்புக்கு அழைப்போம். பிள்ளைகளுக்கு முன்னால் அவர் வெறுங்கையோடு அந்த வீச்சைச் செய்து காட்டட்டும். எப்போது இறுக்குவது, எப்போது விடுவது என்று சொல்லட்டும். கோலமிடும் தாய் ஒருவரும் வரட்டும். கலை ஆசிரியர் என்ற பெயர் அன்று அவர்களுக்கே உரியது. தந்தையின் தோள் அசைவைக் கலை என்று ஒருமுறை கண்டுகொண்ட பிள்ளை, அந்தத் தோளைப் பற்றி வெட்கப்படுவது அவ்வளவு எளிதன்று.

நான்காவது, வரைந்த துணிகளைச் சுருட்டிப் பண்டக அறையில் போடாமல், கோவில் வளாகச் சுவரில் ஒரு வாரமாவது தொங்கவிடுவோம். ‘இது என்ன?’ என்று பெரியவர்கள் பிள்ளைகளைக் கேட்கட்டும். விடை வரும்வரை பொறுமையாய் நிற்கட்டும்.

இவற்றையும் வீண் என்பவர்களோடு நாம் தொடர்ந்து வாதிடுவோம். பங்குப் பேரவையிலும், அன்பியக் கூட்டத்திலும், இவ்விதழின் பக்கங்களிலும் வாதிடுவோம். எழுதுகோல் பிடிக்கத் தெரிந்த கைகளை மட்டும் இறைவன் படைக்கவில்லை. வலை வீசும் கை, விதை தெளிக்கும் கை, வாசல் தெளிக்கும் கை, கூடை தூக்கும் கை ஆகியவையும் அவருடைய சாயலே. அக்கைகளின் வழித்தோன்றல்களை ஒரு தாளின் ஓரத்தில் குறுகி உட்காரவைத்து, அசையாதே என்று அதட்டும் உரிமை நமக்கு இல்லை. கையை நீட்டச் சொல்லும் உரிமை உண்டு. கை சூம்பிய மனிதரிடம் தொழுகைக்கூடத்தின் நடுவில் நின்று ஆண்டவர் கேட்டதும் அவ்வளவே.